செபராங் பிறையில் மாடு வளர்ப்போருக்குச் சீம்பாலைப் பற்றி ஒரு திறந்த மடல்

செபராங் பிறையிலும் அதைச் சுற்றியுள்ள செம்பனைத் தோட்டங்களிலும் மாடு வளர்க்கும் அன்பர்களுக்கு வணக்கம்.

கன்றுக்கு முதல் தடுப்பூசி எப்போது என்று நம்மவர்கள் அக்கறையோடு கேட்கிறார்கள். கோமாரி எனும் கால், வாய் நோய்க்குப் பொதுவாக நான்காம் மாதத்தில் முதல் ஊசியும், ஒரு மாதம் கழித்து ஊக்க ஊசியும், பின்னர் ஆறு மாதத்துக்கு ஒரு முறையும் போடுவார்கள். தாயிடமிருந்து வந்த எதிர்ப்பாற்றல் கன்றின் உடலில் இருக்கும்வரை ஊசி சரியாகப் பிடிக்காது என்பதே இந்தக் காத்திருப்புக்குக் காரணம். ஆனால் நாம் பறிகொடுக்கும் கன்றுகளில் பல நான்காம் மாதத்தை எட்டுவதே இல்லை. முதல் சில வாரங்களிலேயே கழிச்சலிலும் நிமோனியாவிலும் தொப்புள் சீழிலும் போய்விடுகின்றன.

மனிதக் குழந்தை வயிற்றில் இருக்கும்போதே தாயின் எதிர்ப்பாற்றலில் ஒரு பங்கைப் பெற்றுவிடுகிறது. பசுவின் நஞ்சுக்கொடி அமைப்பு அதற்கு இடம் தருவதில்லை. கன்றுக்கு வேண்டிய எதிர்ப்பாற்றல் முழுவதும், ஈன்றதும் தாய் சுரக்கும் முதல் பாலான சீம்பாலில்தான் இருக்கிறது. அதை அப்படியே இரத்தத்தில் ஏற்றுக்கொள்ளும் திறனோ, பிறந்தது முதலே குறையத் தொடங்கி, சுமார் 24 மணி நேரத்தில் கன்றின் குடலை விட்டு நீங்கிவிடுகிறது. ஆகவே முதல் 2 மணி நேரத்துக்குள் ஒரு முறையும், 12 மணி நேரத்துக்குள் மறுமுறையுமாக, உடல் எடையில் பத்தில் ஒரு பங்கு, அதாவது 25 கிலோ கன்றுக்கு இரண்டரை லிட்டர், உள்ளே போயாக வேண்டும்.

நம் வழக்கமே இங்குக் குறுக்கே நிற்கிறது. நஞ்சு, அதாவது நஞ்சுக்கொடி, விழும்வரை கன்றை மடியண்டை விடக்கூடாது என்பது என் தந்தையார் கடைப்பிடித்த முறை. ஓர் ஆண்டு, இரவில் ஈன்ற பசுவுக்கு மறுநாள் பிற்பகலில்தான் நஞ்சு விழுந்தது; அதுவரை கன்று கட்டிலேயே கத்திக்கொண்டு கிடந்தது. ஆறாம் நாள் கழிச்சல் கண்டது. எட்டாம் நாள் காலை அதைத் தூக்கிக்கொண்டு போய்ப் புதைத்தவன் நான். உண்மையில், கன்று ஊட்டும்போது தாய்க்குச் சுரக்கும் ஆக்ஸிடோசின் கருப்பையைச் சுருங்கச் செய்து நஞ்சு விழ உதவவே செய்கிறது என்பதைப் பின்னால்தான் அறிந்தேன்.

சீம்பாலை வெல்லம் சேர்த்து அவித்து அண்டை வீட்டாருக்குக் கொடுப்பது அருமையான பழக்கம். அதை விடச் சொல்லவில்லை. கன்று வயிறாரக் குடித்தபின் மிஞ்சுவதைக் கொடுங்கள். அதிலும் ஒரு போத்தலை உறைய வைத்திருந்தால், தாய் இறந்தாலோ மடிநோய் கண்டாலோ இன்னொரு கன்று பிழைக்கும். வெதுவெதுப்பான நீரில் வைத்து இளக்குங்கள்; கொதிக்கவைத்தால் அதன் ஆற்றல் கெட்டுவிடும்.

தொப்புள் கொடியைப் பிறந்தவுடன் டிங்சர் அயோடினில் தோய்ப்பதையும், கழிச்சல் கண்ட கன்றுக்குப் பாலை நிறுத்தாமல் இடையிடையே உப்பு, சர்க்கரை கரைத்த நீரைக் கொடுப்பதையும் மறக்க வேண்டாம்.

கன்று பிறந்த நேரத்தையும் முதன்முதலில் சீம்பால் குடித்த நேரத்தையும் கொட்டகைச் சுவரில் எழுதி வையுங்கள். நான்காம் மாதம் ஊசி போட வரும் கால்நடைத் துறையினரிடம் அதைக் காட்டுங்கள்.

அன்புடன்,
நிபோங் திபாலில் மாடு வளர்க்கும் ஒருவன்