கிளை நூலக வாசகர் வட்டம்: 2024–25 ஆண்டறிக்கை

அவைத் தலைவர் ஐயா அவர்களுக்கும், நூலகர் அம்மா அவர்களுக்கும், புரவலர்களுக்கும், உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

கதை, கவிதை, போட்டித் தேர்வுப் புத்தகங்களுக்கு நம் நூலகத்தில் குறைவில்லை. வரலாறு, பொருளியல், மானிடவியல், இயற்பியல், தாவரவியல் என்று துறை சார்ந்து ஆழமாகப் படிக்க வருபவர்தான் வெறுங்கையோடு திரும்புகிறார். அவர்களுக்காகத் தனி அடுக்கு ஒன்று வேண்டும் என்று சென்ற பொதுக்குழுவில் முடிவெடுத்தோம். இந்த ஆண்டு வட்டத்தின் உழைப்பில் பெரும்பகுதி அதற்கே போனது. மாதக் கூட்டங்கள் ஒழுங்காக நடந்தன. ஐப்பசிக் கூட்டம் மட்டும் மழையால் தள்ளிப்போனது. வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் தனியே வாசிப்பார்.

பக்கத்துக் கல்லூரி ஒன்றில் பழைய தமிழ்வழிப் பாடநூல்களைக் கழித்து எடைக்குப் போடப் போகிறார்கள் என்று உறுப்பினர் ஒருவர் வந்து சொன்னார். உடனே கடிதம் கொடுத்து, முறைப்படி கேட்டு வாங்கி வந்தோம். 1960களிலும் 70களிலும் தமிழ் வெளியீட்டுக் கழகமும், அடுத்து வந்த தமிழ்நாட்டுப் பாடநூல் நிறுவனமும் போட்ட நூல்கள் அவை. கல்லூரிகளில் தமிழ்வழி வகுப்பு தொடங்கியபோது, நடத்தப் புத்தகம் வேண்டுமே என்று அந்தந்தத் துறைப் பேராசிரியர்களையே எழுதவும் மொழிபெயர்க்கவும் வைத்தார்கள். உளவியல், அரசியல், புவியியல், வேதியியல், ஐரோப்பிய வரலாறு என்று அத்தனைக்கும் தமிழில் நூல் வந்தது. அந்த உழைப்பு எடைக்கடைக்குப் போக விடக்கூடாது என்பதில் நம் குழுவில் இரண்டாவது கருத்தே இல்லை.

வந்த கட்டுகளில் பாதிக்கு மேல் முதுகு விட்டிருந்தன. சிலவற்றை இராமபாணப்பூச்சி அரித்திருந்தது. பைண்டர் தையலைப் பிரித்து, பழுதான தாள்களுக்கு மெல்லிய காகிதம் ஒட்டி, மறுபடி தைத்துக் காலிகோ அட்டை போட்டுத் தந்தார். ஒரு தாவரவியல் நூலில், இலையின் குறுக்குவெட்டுப் படத்தைச் சுற்றி யாரோ ஒரு மாணவர் பென்சிலில் எண் போட்டு, பக்க ஓரத்தில் பாகங்களின் பெயரை வரிசையாக எழுதிப் படித்திருக்கிறார். அதை அழிக்க வேண்டாம் என்று நூலகர் அம்மா சொல்லிவிட்டார். அப்படியே வைத்திருக்கிறோம்.

அறிவியல் நூல்களில் ஒரு சிக்கல் உண்டு. கண்டத் தட்டுகள் நகர்கின்றன என்ற கோட்பாடு 1960களின் கடைசியில்தான் உருப்பெற்றது. அதற்கு முன் எழுதிய புவியியல் நூலில் அது இருக்காது. எனவே அத்தகைய நூல்களின் முதல் பக்கத்தில் ஒரு சீட்டு ஒட்டி, இதோடு சேர்த்து எதைப் படிக்க வேண்டும் என்று குறித்திருக்கிறோம். 2018இல் வந்த பதினோராம் வகுப்புப் புதிய பாடநூல்களையும் அதே அடுக்கில் வைத்தோம். பள்ளிப் புத்தகம்தானே என்று நினைக்க வேண்டாம், எடுத்துப் பாருங்கள்.

பெரியசாமித் தூரனைத் தலைமைப் பதிப்பாசிரியராகக் கொண்டு தமிழ் வளர்ச்சிக் கழகம் 1954 முதல் வெளியிட்ட கலைக்களஞ்சியத்தின் பத்துத் தொகுதிகளில் நம்மிடம் சில இல்லை. அவற்றைத் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் பார்க்கும் வழியை எழுதிக் கணினி அருகே ஒட்டியிருக்கிறோம்.

கூட்டங்களில் மார்கழியில் நடந்ததைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும். ஜப்பானிய வரலாற்றறிஞர் நொபொரு கராஷிமா, திருச்சிப் பக்கத்துக் காவிரிக்கரை ஊர்களான அல்லூரையும் ஈசானமங்கலத்தையும் பற்றிச் செய்த ஆய்வை எடுத்துக்கொண்டோம். ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர் ஆங்கிலக் கட்டுரையைத் தமிழில் சுருக்கிப் படியெடுத்துக் கொடுத்தார். சோழர் காலக் கல்வெட்டுகளில் நிலம் விற்றவர் யார், வாங்கியவர் யார் என்று கராஷிமா ஒவ்வொன்றாகப் பிரித்துப் பார்க்கிறார். பிரமதேயமான, அதாவது பிராமணர்களுக்குத் தானமாகக் கொடுக்கப்பட்ட ஊரான ஈசானமங்கலத்தில் நிலம் தனித்தனி ஆட்கள் கையில் இருக்கிறது. அல்லூரிலோ ஊராரின் பொதுச் சொத்தாக இருக்கிறது. இதைக் கேட்டதும், நெல் விவசாயம் செய்யும் நம் உறுப்பினர் ஒருவர் எழுந்தார். “சரி, ஊராருக்குப் பொது என்றால், ஊரார் என்று யாரைச் சொன்னார்கள்? உழுதவனும் அதில் உண்டா?” என்று கேட்டார். நூலகம் மூடும் நேரம் தாண்டியும் பேச்சு நிற்கவில்லை. அடுத்த கூட்டத்திலும் அதையே தொடர்ந்தோம்.

ஆய்வு நூல் நம்மைப் போன்ற ஊர்களுக்கு வேண்டும் என்று நான் விடாமல் சொல்வது இதனால்தான். எழுதியவர் எதைப் பார்த்துச் சொல்கிறார் என்று அடிக்குறிப்பில் காட்டிவிடுகிறார். நாம் போய்ச் சரிபார்க்கலாம், மறுக்கலாம், மேலே கேட்கலாம். அதற்குப் பட்டம் தேவையில்லை. நூல் கைக்குக் கிடைத்தால் போதும்.

ஆனால் கிடைப்பதுதான் கடினமாக இருக்கிறது. வெளிநாட்டுப் பதிப்பகங்களின் ஆய்வு நூல் விலைக்கு நம் நிதி கட்டுப்படியாகாது. ஆய்விதழ்களின் நிலையும் அதுதான். ஆய்விதழ்களுக்கு அரசே மொத்தமாகச் சந்தா கட்டும் ஒரே நாடு ஒரே சந்தா திட்டத்துக்கு ஒன்றிய அமைச்சரவை 2024 நவம்பரில் ஒப்புதல் தந்தது. மூன்று ஆண்டுகளுக்கு 6,000 கோடி ரூபாய். 30 பதிப்பகங்களின் ஏறத்தாழ 13,000 ஆய்விதழ்கள். நல்ல திட்டம், மனமார வரவேற்கிறோம். ஆனால் அது அரசு உயர்கல்வி நிறுவனங்களுக்கும் ஆராய்ச்சி நிறுவனங்களுக்கும் உரியது. கிளை நூலகத்தில் உட்கார்ந்து படிக்கும் நெசவாளிக்கோ, படிப்பை முடித்து ஊர் திரும்பிய பெண்ணுக்கோ அந்த வாசல் இன்னும் திறக்கவில்லை. 1948ஆம் ஆண்டு பொது நூலகச் சட்டத்தின்படி சொத்து வரியோடு நூலக வரியும் கட்டுகிறவர்கள் நாம். பொது நூலகங்களையும் இத்திட்டத்தில் சேர்க்க வேண்டும் என்ற தீர்மானம் இன்று உங்கள் முன் வைக்கப்படுகிறது, ஆதரிக்க வேண்டுகிறேன்.

வரும் ஆண்டில் பொருளியலிலும் மருத்துவ வரலாற்றிலும் கவனம் செலுத்த எண்ணம். 1847இல் யாழ்ப்பாணம் வந்து, மானிப்பாயில் தமிழிலேயே மேலை மருத்துவம் கற்பித்து, அதற்கான நூல்களையும் ஆக்கிய அமெரிக்க மருத்துவர் சாமுவேல் பிஸ்க் கிறீன் பற்றிச் சித்திரைக் கூட்டத்தில் பேசுவோம். ஓய்வுபெற்ற செவிலியரான நம் துணைத்தலைவர் அம்மா பொறுப்பேற்றிருக்கிறார்.

புத்தக மூட்டைகளை வண்டியில் ஏற்றி இறக்கிய இளைஞர்களுக்கும், தையல் கூலியை மட்டும் வாங்கிக்கொண்ட பைண்டருக்கும், புதிதாகப் புரவலர் ஆனவர்களுக்கும் வட்டத்தின் நன்றி. புதிய அடுக்கிலிருந்து இரவல் போன சில நூல்கள் தவணை கடந்தும் திரும்பவில்லை. ஒரே படிதான் இருக்கிறது, கேட்டு வருகிறவர்கள் காத்திருக்கிறார்கள். வைத்திருப்பவர்கள் இந்த வாரமே தந்துவிடுங்கள்.

அறிக்கையை ஏற்று நிறைவேற்றித் தருமாறு பொதுக்குழுவைக் கேட்டுக்கொள்கிறேன்.

செயலர்