அந்த மனுவில் என் கையெழுத்து இருக்காது

செயலாளர் சாருக்கும் நம் குடியிருப்போர் சங்கத்து உறுப்பினர்கள் எல்லோருக்கும் வணக்கம்.

ஞாயிற்றுக்கிழமை வீடு வீடாக வந்த மனுவைப் படித்தேன். 'மேற்கு மாம்பலத்தில் நம் தெருமுனையில் உள்ள ஆக்கிரமிப்புகளை உடனே அகற்ற வேண்டும்' என்று எழுதியிருக்கிறீர்கள். யார் அந்த ஆக்கிரமிப்பு? கீரைக்கார அம்மா, பூக்கார அம்மா, இஸ்திரி வண்டிக்காரர், சாயங்காலம் பஜ்ஜி போடும் புருஷன் பெண்சாதி. நடைபாதை மேல் ஏற்றி நிறுத்தியிருக்கும் நம் கார்கள் பட்டியலில் இல்லை. (என் ஸ்கூட்டரும் சில நாள் அங்கேதான் நிற்கிறது.)

தெருவோர வியாபாரிகளுக்கென்று 2014இல் நாடாளுமன்றம் ஒரு சட்டம் போட்டது. அந்த ஆண்டு மே 1 முதல் அது நடைமுறையில் இருக்கிறது. தெருவோர வியாபாரிகளின் கணக்கெடுப்பு முடிந்து, அவர்கள் எல்லோருக்கும் விற்பனைச் சான்றிதழ் கொடுக்கும்வரை யாரையும் அகற்றவோ இடம் மாற்றவோ கூடாது என்கிறது அதன் 3ஆவது பிரிவு. அதற்குப் பிறகு மாற்றுவதென்றாலும் 30 நாள் முன்னறிவிப்பு வேண்டும். அப்படியானால் மனுவில் உள்ள 'உடனே' என்ற சொல்லே சட்டத்துக்குப் புறம்பு. நடைபாதையில் வியாபாரம் செய்வதும் அரசியல் சாசனம் தரும் தொழில் உரிமைதான், அதை நியாயமாக ஒழுங்குபடுத்தலாம் என்று உச்ச நீதிமன்றம் 1989இலேயே சொல்லிவிட்டது.

போன தை மாதம் நடந்தது நினைவிருக்கிறதா? காலையில் மாநகராட்சி லாரி ஒன்று வந்தது. கீரைக் கூடையையும் தராசையும் தூக்கிப் போட்டுக்கொண்டு போய்விட்டார்கள். பொருளை எடுத்தால் பட்டியல் எழுதிக் கொடுக்க வேண்டும், கேட்டு வந்தால் அழுகும் பொருளை அன்றே தர வேண்டும், மற்றதை இரண்டு வேலை நாளுக்குள் தர வேண்டும் என்று சட்டத்தில் இருக்கிறது. அந்த அம்மா கையில் ஒரு துண்டுச்சீட்டுகூட இல்லை. தராசைத் தேடி இரண்டு நாள் அலைந்தார். கீரை வாங்கியது தண்டல் பணத்தில், அதாவது தினமும் தவணை கட்டும் கடனில். கீரை போனது தண்டல்காரருக்குத் தெரியாதா என்ன, ஆனாலும் சாயங்காலம் சரியாக வந்து நின்றார்.

சரி, உங்கள் பக்கமும் நியாயம் இருக்கிறது. பஜ்ஜிக் கடைக் கூட்டத்தால் முதல் மாடித் தாத்தா நடுரோட்டில் இறங்கி நடக்கிறார், அதை நானும் பார்க்கிறேன். அதற்கும் இதே சட்டத்தில் வழி உண்டு. எங்கே விற்கலாம், எங்கே கூடாது, எந்த நேரத்தில் என்பதையெல்லாம் முடிவு செய்வதில் நகர விற்பனைக் குழுவுக்குப் பங்கு இருக்கிறது. குழுவில் குறைந்தது 40 விழுக்காடு பேர் வியாபாரிகள் தங்களுக்குள் தேர்ந்தெடுத்தவர்களாக இருக்க வேண்டும், அவர்களில் மூன்றில் ஒரு பங்கு பெண்கள். குடியிருப்போர் நலச் சங்கங்களுக்கும் அதில் இடம் உண்டு. அந்த வாசலை விட்டுவிட்டு நாம் ஏன் லாரியைக் கூப்பிடுகிறோம்?

'ஏதாவது ஒரு கட்டடத்துக்குள் கடை கொடுத்துவிட்டால் போச்சு' என்று கூட்டத்தில் ஒருவர் சொன்னார். பாண்டி பஜார் நடைபாதை வியாபாரிகளை 2013இல் அப்படித்தான் வணிக வளாகத்துக்குள் மாற்றினார்கள். வியாபாரம் படுத்துவிட்டது என்று அங்கே போனவர்கள் புலம்பினார்கள். பஸ்ஸிலிருந்து இறங்கி நடக்கிறவர் கண்ணில் பட்டால்தானே மல்லிகை விற்கும்? ஒரு முழம் பூவுக்காக யார் மாடி ஏறுவார்கள்?

இந்த மனுவை நிறுத்தி வையுங்கள். நம் தெருவில் கணக்கெடுத்தீர்களா, இந்த நால்வகைக் கடைக்காரர்களுக்கும் சான்றிதழ் கொடுத்தாயிற்றா, பஜ்ஜிக் கடையைப் பத்தடி தள்ளி வைக்க இடம் குறித்துத் தருவீர்களா என்று மாநகராட்சியைக் கேட்டு வேறொரு மனு எழுதலாம். புதன்கிழமைக்குள் நானே எழுதித் தருகிறேன். கையெழுத்து வாங்க வீடு வீடாக நானும் கூட வருகிறேன்.

இப்படிக்கு,
இரண்டாவது மாடிக்காரன்