அயற்பணி முடிந்து வந்தால் சம்பளம் ஏன் நிற்க வேண்டும்?

ஆசிரியருக்கு,

தமிழ்நாடு அரசுத் துறையிலிருந்து வாரியம், கழகம், பல்கலைக்கழகம் என்று அயற்பணியில் (வெளி அமைப்பின் சம்பளத்தில் சில காலம் செய்யும் பணியில்) போனவர்கள் தாய்த் துறைக்குத் திரும்பும்போது சில மாதங்கள் சம்பளம் இல்லாமல் கிடப்பது அலுவலகங்களில் வழக்கமாகிவிட்டது. ஊழியரும் அதைத் தலைவிதி என்று பொறுத்துக்கொள்கிறார். அரசு ஊழியரின் ஊதியம், விடுப்பு, அயற்பணி பற்றிச் சொல்லும் அடிப்படை விதிகளில் இதற்கு இடமே இல்லை.

விதி 113-இன்படி, அயற்பணிக்குப் போனவர் புறப்படும் முன் இருந்த பணித்தொகுதியிலேயே (கேடர்) தொடர்கிறார். அங்கே இருக்கும்போதே பதவி உயர்வுக்கும் உரியவர். அந்தக் காலம் ஊதிய உயர்வுக்குச் சேரும் என்கிறது விதி 26. ஆகவே 3 ஆண்டு கழித்து வருபவரின் ஊதியத்தைப் பழைய எல்.பி.சி.யில் (கடைசியாக வாங்கிய சம்பளச் சான்றில்) உள்ள தொகையிலேயே நிர்ணயிப்பது தவறு. இடையில் வந்த 3 ஊதிய உயர்வுகளையும் சேர்த்த பிறகே கணக்குப் போட வேண்டும். அதே சமயம், அயற்பணிப் பதவியில் கூடுதலாக வாங்கிய ஊதியத்தைத் தாய்த் துறையில் கேட்க முடியாது. போகாமல் இருந்திருந்தால் இன்று என்ன வாங்கியிருப்பாரோ அதுதான் அளவு.

சம்பளம் அறுபடுவது பெரும்பாலும் விடுவிப்புக்கும் பணியேற்புக்கும் நடுவில்தான். விதி 125-இன்படி, அரசுப் பணியில் பொறுப்பேற்கும் நாளில்தான் அயற்பணி முடிகிறது. ஆனால் தாய்த் துறையில் பணியிட ஆணை தயாராகும் முன்பே அந்த அமைப்பு விடுவித்துவிடுகிறது. விடுவித்த நாளோடு சம்பளத்தையும் நிறுத்திவிடுகிறது. ஊழியர் வீட்டில் காத்திருந்தால் அந்த நாட்கள் பின்னாளில் விடுப்பாக மாறும். விடுவித்த மறுநாள் முற்பகலே துறைத் தலைமையிடம் பணியில் சேரத் தயார் என்று எழுத்தில் கொடுத்து, நகலில் தேதியுடன் அலுவலக முத்திரை பெற்றுக்கொள்ள வேண்டும். பணியிட ஆணைக்காகக் காத்திருந்த நாட்களை, அதாவது கட்டாயக் காத்திருப்பை, பணிக்காலமாகக் கருதி ஆணை பெற அந்த ஒரு தாள்தான் ஆதாரம்.

இதைவிடச் சிக்கலானது பங்களிப்புத் தொகை. பழைய ஓய்வூதியத்தில் உள்ளவர்களுக்கு அயற்பணிக் காலத்துக்கான ஓய்வூதியச் செலவுக்கும் விடுப்புச் சம்பளச் செலவுக்கும் ஈடான ஓய்வூதியப் பங்களிப்பும் விடுப்பூதியப் பங்களிப்பும் அரசுக் கணக்கில் சேர வேண்டும். அயற்பணி தரும் அமைப்பு ஏற்க இசைந்தாலன்றி அவற்றை ஊழியரே கட்ட வேண்டும் என்பது விதி 115. பலர் இதைப் படிப்பதே இல்லை. எனவே போகும் முன்பே, நிபந்தனை ஆணையில் ‘பங்களிப்பை அமைப்பே செலுத்தும்’ என்ற வரி இருக்கிறதா என்று பார்த்துவிட வேண்டும். அங்கே எடுத்த விடுப்பு நாட்களுக்குப் பங்களிப்பு கிடையாது. அதையும் சேர்த்து நிலுவை கேட்டால் மறுக்கலாம். 1.4.2003 அன்றோ அதற்குப் பின்னரோ பணியில் சேர்ந்து பங்களிப்பு ஓய்வூதியத் திட்டத்தில் இருந்தவர்களுக்கு மாதாமாதம் பிடித்த தொகை அவரவர் கணக்கில் ஏறியிருக்கிறதா என்பதே கேள்வி. பிடித்ததற்குச் சம்பளச் சீட்டு சாட்சி. ஏறியதற்கு ஆண்டுக் கணக்குச் சீட்டு மட்டுமே சாட்சி.

பணம் கட்டியும் சலான் (பணம் கட்டிய சீட்டு) எண்ணும் தேதியும் பணிப்பதிவேட்டில் ஏறவில்லை என்றால், ஓய்வூதியம் கேட்டு அனுப்பும் கருத்துரு மாநிலக் கணக்காயர் அலுவலகத்திலிருந்து திரும்பிவரும். இருபது ஆண்டுக்கு முன் கட்டிய சலானை அப்போது யாரிடம் போய்த் தேடுவது? அந்த அமைப்பே வேறொன்றோடு இணைந்துபோயிருக்கலாம். திரும்பிய மாதத்திலேயே பணிக்கால சரிபார்ப்பு, விடுப்புக் கணக்கு, பங்களிப்பு விவரம், எல்.பி.சி. ஆகிய நான்கையும் கேட்டு வாங்கிப் பதிவேட்டில் ஏற்றச் செய்ய வேண்டும். நீட்டிப்பு ஆணை இல்லாமல் அங்கேயே தொடர்ந்த காலம் இருந்தால், அந்தக் காலத்தைப் பின்னர் ஏற்று வழங்கும் பின்னேற்பு ஆணையையும் அப்போதே கேட்டுவிட வேண்டும்.

ஆனாலும் ஊழியரே ஓடி ஓடிக் காகிதம் சேர்ப்பது நியாயமில்லை. பணியிட ஆணை வராமல் விடுவிக்கக் கூடாது என்று அயற்பணி நிபந்தனையிலேயே அரசு சேர்க்கட்டும். நிதியாண்டு முடிந்ததும் ஒவ்வோர் அமைப்பும் தன்னிடம் உள்ள அயற்பணியாளரின் பங்களிப்பு விவரத்தைத் தாய்த் துறைக்கு அனுப்பி, நகலை ஊழியருக்கும் தர வேண்டும். பங்களிப்பு தாமதமானால் அதற்கான வட்டியை, தாமதித்த அமைப்பே ஏற்க வேண்டும். ஊழியரின் பணிக்கொடையில் கை வைக்கக் கூடாது.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கணக்குப் பிரிவுப் பணியாளர்கள் சிலர்