நீ தள்ளிவிட்ட பக்கங்கள்

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் வந்து பதினைந்து நாள் ஆகிறது. அம்மாவுக்குக் கண்புரை ஆபரேஷன் இருந்ததால் உடனே பதில் எழுத முடியவில்லை. நல்லபடியாக முடிந்தது. கறுப்புக் கண்ணாடியும் சொட்டு மருந்துமாக உட்கார்ந்திருக்கிறாள். படிக்க முடியாதே என்று தினமும் ராத்திரி நான்தான் ஏதாவது படித்துக் காட்டுகிறேன். போன வாரம் அலமாரியில் அகப்பட்டது ஆங்கில எழுத்தாளர் டோல்கீனின் கற்பனைப் புராணம் 'சில்மரில்லியன்'. விடுதி அறையைக் காலி செய்த அன்று என் பெட்டியோடு வந்துவிட்டதே, உன்னுடைய அதே பிரதிதான்.

முதல் அத்தியாயத்தைத் தமிழிலேயே சொல்லிக்கொண்டு போனேன். உலகம் உண்டாவதற்கு முன்பு படைப்புக் கடவுள் இலுவாட்டர் ஓர் இசையைத் தொடங்கித் தருகிறார். அவர் படைத்த தேவர்களான ஐனூர்கள் அதை வளர்த்துப் பாடுகிறார்கள். அவர்களில் மெல்கோர் மட்டும் தன் பெருமைக்காகக் குறுக்கே வேறொன்றைப் பாடுகிறான். ஒரே கூச்சல், நாலைந்து ஸ்வரம், எக்காளங்கள் அதையே திரும்பத் திரும்ப முழக்குகிற மாதிரி. அதை எதிர்த்து எழும் மூன்றாவது இசை மெதுவானது, துயரம் தோய்ந்தது. அவன் முழக்கத்தின் உச்சமான இடங்களையே எடுத்துத் தனக்குள் கோத்துக்கொள்கிறது. அம்மா அசையாமல் கேட்டுவிட்டு, "அந்தப் பாட்டுக்கு வார்த்தை உண்டா?" என்றாள்.

புரட்டிப் பார்த்தேன். உண்டு. யாழ் போலவும் குழல் போலவும், வார்த்தையோடு பாடும் எண்ணற்ற குழுக்கள் போலவும் அந்தக் குரல்கள் ஒலித்தனவாம். என்ன வார்த்தை என்றுதான் சொல்லவில்லை.

அந்தக் கேள்வி என்னை விடவில்லை. டோல்கீனின் நாவல் 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' படித்தபோது பாட்டு வந்தாலே நீ பக்கத்தைத் தள்ளிவிடுவாய், கதை நின்றுவிடுகிறது என்பாய். அந்தப் பக்கங்களுக்கு மட்டும் திரும்பிப் போனேன். அந்த நாவலில் கோயிலோ பூசாரியோ கண்ணில் படுவதில்லை. தெய்வத்தன்மை முழுவதும் பாட்டில்தான் இருக்கிறது என்று எனக்குப் படுகிறது.

தொடக்கத்திலேயே பார். கறுப்புக் குதிரைவீரன் ஒருவன் இருட்டில் மோப்பம் பிடித்துக்கொண்டு, ஹாபிட் என்ற குள்ள இனத்தைச் சேர்ந்த நாயகன் ஃப்ரோடோவை நோக்கி ஊர்ந்து வருகிறான். தூரத்தில் எல்ஃப்கள் என்ற சாவில்லாத இனத்தாரின் பாட்டுச் சத்தம் கேட்டதும் பின்வாங்கிவிடுகிறான். அவர்கள் பாடுவது விண்மீன்களின் அரசி எல்பெரெத்தை. ஹாபிட்களுக்கு அந்த மொழி சரியாகத் தெரியாது. ஆனாலும் மெட்டோடு சேர்ந்த ஒலி அவர்கள் மனத்தில் தானாக வார்த்தையாகிறது, அதுவும் அரைகுறையாகத்தான் புரிகிறது. எல்ஃப்களின் இருப்பிடமான ரிவெண்டெலில் அவளைத் துதிக்கும் பாடல் ஏழு வரி முழுசாக வருகிறது, அங்கே அர்த்தமே தரவில்லை. ஃப்ரோடோ வாசலில் ஒரு நிமிஷம் நின்று கேட்கிறான், அவ்வளவுதான். பிறகு ஷெலோப் என்ற ராட்சதச் சிலந்தியின் எதிரில், தனக்குத் தெரியாத மொழியில் ஃப்ரோடோவின் தோழன் சாமின் வாயிலிருந்து எல்பெரெத்தின் பெயர் வெளிப்படுகிறது. கையிலிருந்த கண்ணாடிக் குப்பி ஒளிவீசுகிறது.

இந்த மாதிரிப் பாட்டை வெறும் கற்பனையால் உண்டாக்கிவிட முடியாது. டோல்கீன் பக்தியுள்ள கத்தோலிக்கர், லத்தீன் பூசை கேட்டு வளர்ந்தவர். இசையமைப்பாளர் டொனால்ட் ஸ்வான் அவருடைய பாடல்களுக்கு மெட்டுப் போட்டு வாசித்துக் காட்டியபோது, எல்ஃப் சீமாட்டி கலாத்ரியேலின் பிரிவுப் பாடலுக்குப் போட்ட மெட்டு மட்டும் அவருக்கு ஒப்பவில்லை. தன் மனத்தில் இருந்ததை அவரே முனகிக் காட்டினார். அது கிரிகோரியன் ராகம், துறவி மடங்களில் ஒற்றைக் குரலாகப் பாடுகிறார்களே, அந்த வகை. ஸ்வான் அதையே எடுத்துக்கொண்டார். 1967-ல் அந்த இசைப்புத்தகம் வந்தபோதுதான் எல்பெரெத் துதிப்பாடலுக்கும் டோல்கீன் வரிக்கு வரி அர்த்தம் எழுதித் தந்தார். நாவலின் முதல் பாகம் வெளியாகிப் பதின்மூன்று வருஷம் கழித்து! அதுவரை வாசகர்கள் புரியாமலேதான் அதைப் படித்திருக்கிறார்கள். அம்மாவும் அப்படித்தானே, அறுபது வருஷமாக சகஸ்ரநாமம் சொல்கிறாள், பாதி நாமத்துக்கு அர்த்தம் கேட்டால் சிரிப்பாள். ஆனால் ஓர் எழுத்து பிசகினால் முதலிலிருந்து ஆரம்பிப்பாள்.

உனக்கென்று ஓர் இடம் குறித்து வைத்திருக்கிறேன். அந்த ஆதி இசையின் எதிரொலி மற்ற எதையும்விடத் தண்ணீரில்தான் அதிகம் தங்கியிருக்கிறதாம். அதனால்தான் மக்கள் எதைக் கேட்கிறோம் என்றே தெரியாமல் கடலைக் கேட்டுக்கொண்டே இருக்கிறார்களாம். சாயங்காலம் கடற்கரைக்குப் போகிறேன் என்று எழுதியிருந்தாயே, இதைப் படித்ததும் உன் ஞாபகம்தான் வந்தது.

பொங்கலுக்கு வருகிறாய் அல்லவா? புத்தகத்தை அப்போது தருகிறேன். அதற்குள் அம்மாவுக்கு முடித்துவிட வேண்டும், விளக்கை அணைத்த பிறகும் "மெல்கோர் அப்புறம் என்ன ஆனான்?" என்று கேட்கிறாள்.

அன்புடன்,
உன் பழைய அறைத்தோழன்