கரேன் மலைக்கிராமங்களுக்கு ஆள் அனுப்பும் பயண ஏற்பாட்டாளர்களுக்கு: தங்கவைக்கும் வீட்டுக்காரரின் காசை அங்கேயே கொடுங்கள்

சென்னையிலிருந்தும் கோவையிலிருந்தும் தாய்லாந்தின் சியாங் மாய்க்கு ஆள் சேர்த்து அனுப்புகிற அன்பர்களே, வணக்கம்.

இது உங்கள் எல்லாருக்கும் சேர்த்து எழுதுகிற மடல். நான் யார் மூலம் போனேன் என்று சொல்லப்போவதில்லை, ஒருவர் பெயரைச் சொன்னால் மற்றவர்கள் நமக்கில்லை என்று நகர்ந்துவிடுவீர்கள். திரும்பி வந்தபிறகு மூன்று நாலு பேரிடம் விசாரித்துப் பார்த்தேன், வீட்டுக்காரருக்குக் காசு கொடுக்கிற இந்த ஒரு விஷயத்தில் எல்லார் பதிலும் ஒன்றாகத்தான் இருந்தது.

இரண்டு நாள் டிரெக்கிங் பேக்கேஜ் எப்படிப் போகும் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. சியாங் மாயில் வண்டி ஏறி, மே வாங் பக்கம் இறங்கி, காட்டுக்குள் நாலைந்து மணி நேரம் நடந்து, அருவியில் குளித்து, இரவு கரேன் என்கிற மலைவாழ் மக்களின் வீட்டில் தங்கி, மறுநாள் மூங்கில் தெப்பத்தில் ஆற்றோடு வந்து வண்டி ஏற வேண்டும். போன ஆடி மாதம் நாங்கள் 11 பேர் அப்படித்தான் போனோம். மழை, அட்டைக்கடி, வழுக்கல், அதிலெல்லாம் எனக்கு ஒரு குறையும் இல்லை. கைடு தம்பி தங்கமான பிள்ளை, வழுக்குகிற இடத்தில் எல்லாம் மூங்கில் வெட்டி ஆளுக்கொரு கோல் செய்து கொடுத்தார்.

நான் பேச வந்தது நாங்கள் தங்கிய வீட்டைப் பற்றி.

அந்த வீட்டு அக்காவுக்கு நாற்பது வயது இருக்கும். நாங்கள் வருகிறோம் என்று அவருக்கு அன்று காலையில்தான் தகவல் போயிருக்கிறது. ஆடி நமக்கு மட்டுமல்ல, அவர்களுக்கும் பட்டம்தான். மலைச்சரிவில் படிப்படியாக வெட்டிய வயல்களில் நடவு நடக்கிற நேரம். இன்று ஒரு வீட்டு வயலில் ஊரே இறங்கும், நாளை இன்னொரு வீட்டு வயலில். கூலி கிடையாது, கைமாற்று. அன்று அவர் பக்கத்து வீட்டு வயலுக்கு நடவுக்குப் போக வேண்டிய நாள், எங்களுக்காகப் போகவில்லை. அந்த ஒரு நாள் அவர் கணக்கில் கடனாக நின்றுவிட்டது. நாங்கள் போய்ச் சேர்ந்ததும் மலை ஊற்றிலிருந்து குழாயில் சொட்டுச் சொட்டாக வந்து நிறைகிற தொட்டித் தண்ணீரை 11 பேரும் சேற்றுக்கால் கழுவியே காலி செய்தோம். அதற்கும் அவர் ஒன்றும் சொல்லவில்லை, வாளியை எடுத்துக்கொண்டு ஓடைக்கு இறங்கிப் போனார்.

ராத்திரி குளிர் ஏறியதும் போர்வை கொடுத்தார். புகை நாற்றம் அடித்தது உண்மை. எங்களில் ஒருவர் முகத்தைச் சுளித்துக்கொண்டு, இதையெல்லாம் துவைக்கவே மாட்டார்களா என்று கைடு தம்பியிடம் கேட்டார். தம்பியும் கரேன்தான், வேறு ஊர். அவர் அதை மொழிபெயர்க்கவில்லை. ஆனால் முகச்சுளிப்புக்கு மொழிபெயர்ப்பு வேண்டுமா என்ன? கொஞ்ச நேரம் கழித்து அக்கா என்னைக் கைகாட்டி அடுப்படிக்குக் கூப்பிட்டார். அடுப்புக்கு மேலே மூங்கில் கொடி கட்டி இரண்டு போர்வைகள் தொங்கிக்கொண்டிருந்தன. தொட்டுப் பார்க்கச் சொன்னார், இன்னும் ஈரம். ஓடையில் துவைத்துக் கொண்டுவந்து போட்டால் மழைக்காலத்தில் வெயில் இல்லை, அடுப்பு மேல் காய்ந்தால்தான் உண்டு என்று தம்பி விளக்கினார். அக்காவின் விரல் ஓரமெல்லாம் சோப்புத்தூள் தின்று வெடித்திருந்தது. ஒவ்வொரு குழு போனதும் அத்தனை போர்வையையும் துவைக்கிறார். எல்லாம் அவர் சொந்தக் காசில் சந்தையில் வாங்கியவை, டிரெக்கிங் நடத்துகிற உள்ளூர்க் கம்பெனி ஒரு போர்வைகூட வாங்கித் தரவில்லை. முன்னொரு தடவை யாரோ ரிவியூவில் போர்வை நாறுகிறது என்று எழுதிவிட, அதற்காக இரண்டு வாரம் அந்த வீட்டுக்கு ஆள் அனுப்பாமல் நிறுத்தி வைத்திருக்கிறார்கள்.

சரி, இதற்கெல்லாம் எவ்வளவு தருகிறார்கள் என்று கேட்டேன். ஆளுக்கு ஒரு ராத்திரிக்கு 50 பாட், நம் காசில் சுமார் 130 ரூபாய். அதுவும் மாதக் கடைசியில் கணக்குப் பார்த்துத்தான் வருமாம். எங்களுக்கு முன்னால் வந்துபோன மூன்று குழுக்களின் பணம் அன்றுவரை வரவில்லை.

இந்த இரண்டு நாளுக்கு மட்டும் நான் உங்களில் ஒருவரிடம் கட்டியது ஆறாயிரம் ரூபாய்க்கு மேல். வண்டி, கைடு, அரிசி காய்கறி, தெப்பம், இங்கே உங்கள் கமிஷன், அங்கே அவர்கள் கமிஷன் என்று எல்லாம் அதற்குள் இருக்கிறது, ஒத்துக்கொள்கிறேன். யாரும் தர்மத்துக்குத் தொழில் செய்யச் சொல்லவில்லை. ஆனால் விமானத்துக்கும் ஓட்டலுக்கும் முன்பணம் போய்விடுகிறது, நடுவீட்டையே எங்களுக்கு ஒழித்துக் கொடுத்துவிட்டுப் பிள்ளைகளை அடுப்படியில் படுக்கவைத்த அந்தக் குடும்பம் மட்டும் ஏன் மாதக் கடைசிவரை காத்திருக்க வேண்டும்?

நான் கேட்பது இதுதான்: வீட்டுக்காரருக்கு உரிய தொகை எவ்வளவு என்று எங்கள் வவுச்சரில் அச்சடியுங்கள். காலையில் நாங்கள் கிளம்புவதற்கு முன், எங்கள் கண் முன்னால், அவர் கையில் அது சேரட்டும்.

அது உள்ளூர்க் கம்பெனியின் பொறுப்பு, நாங்கள் வெறும் ஏஜென்ட் என்று சொல்வீர்கள். என்னிடமும் அப்படித்தான் சொன்னார்கள். எந்தக் கம்பெனியோடு சேர்வது என்று முடிவு செய்கிறவர்கள் நீங்கள்தானே. மே ஹோங் ஸோன் பக்கம் ஹுவாய் ஹீ என்கிற கரேன் கிராமத்தில் 1990களிலிருந்தே ஊர்க்காரர்கள் தாங்களே விருந்தினரைப் பொறுப்பேற்று நடத்துகிறார்கள். டோய் இன்தனோன் மலையில் மே கிளாங் லுவாங் கிராமத்திலும் ஊரார் கையில்தான் தங்குமிடம், வழிநடை எல்லாம். செய்ய முடியாத காரியம் என்றால் அவர்களால் எப்படி முடிகிறது?

இன்னொன்றும் மனதில் உறுத்துகிறது, சொல்லிவிடுகிறேன். உங்கள் விளம்பரத்தில் கழுத்தில் பித்தளை வளையம் போட்ட பெண்ணின் படம். அதைப் பார்த்துவிட்டு வந்தவர்கள் அந்த வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்துகொண்டு, நீளக்கழுத்துக்காரர்கள் எங்கே என்று கேட்டார்கள். நாங்கள் தங்கியது ஸ்கா கரேன் ஊர், அவர்கள் தங்களைப் பகாகஞோ என்று சொல்லிக்கொள்கிறவர்கள். வளையம் அணிகிறவர்கள் கயான் மக்கள். பர்மாவின் கயா மாநிலத்துச் சண்டையிலிருந்து தப்பி 1980களிலிருந்து எல்லை தாண்டி வந்த அகதிகள். நியூசிலாந்தும் பின்லாந்தும் அவர்களில் சிலரை ஏற்றுக்கொள்ளத் தயாராக இருந்தும் தாய்லாந்து அதிகாரிகள் வெளியே போக அனுமதிக்கவில்லை என்று 2008இல் ஐ.நா. அகதிகள் அமைப்பே குரல் கொடுத்தது. அந்தப் படத்தைப் போட்டு இந்த ஊருக்கு ஆள் பிடிப்பது இரண்டு பேருக்கும் செய்கிற அவமரியாதை. எங்கள் குழுவில் ஒருவர் அக்காவின் கட்டிக்கொடுத்த மகளிடம் வெள்ளை உடை போட்டு போட்டோவுக்கு நிற்கச் சொன்னார். அந்த நீள வெள்ளை அங்கி கல்யாணமாகாத பெண்கள் அணிவது. புறப்படும் முன் வாட்ஸ்அப் குரூப்பில் நீங்கள் ஒரு வரி போட்டிருந்தால் அந்தப் பெண் அப்படிக் கூனிக்குறுகி நின்றிருக்க வேண்டாம்.

அந்த மலையில் ஒவ்வொரு தடமும் தெரிந்த பையன்கள் இருக்கிறார்கள். தாய்லாந்துக் குடியுரிமை இல்லாதவர்களுக்கு 2008ஆம் ஆண்டுச் சுற்றுலாச் சட்டப்படி கைடு உரிமம் கிடையாது, மலைவாழ் மக்களில் எத்தனையோ பேர் அந்த நிலையில் இருக்கிறார்கள். அங்கேயே வெகுகாலமாக வாழ்கிற ஏறத்தாழ 4.8 லட்சம் பேருக்கு நிரந்தர வசிப்புரிமையோ குடியுரிமையோ சீக்கிரம் கிடைக்கும்படி நடைமுறையைச் சுருக்க 2024 அக்டோபரில்தான் அந்த நாட்டு அமைச்சரவை ஒப்புக்கொண்டது. அதெல்லாம் பாங்காக்கில் தீர வேண்டியது, உங்களைக் கேட்டு ஆகப்போவதில்லை என்று எனக்கும் தெரியும். கோபத்தில் எங்கெங்கோ போய்விட்டேன், மன்னியுங்கள். 50 பாட் விஷயம் உங்களால் ஆகக்கூடியது, அதனால்தான் உங்களிடம் வந்து நிற்கிறேன்.

மறுநாள் காலை நாங்கள் 11 பேரும் வரிசையாக நின்று தம்பி சொல்லிக்கொடுத்தபடி “தாப்ளு” என்றோம். நன்றி என்று அர்த்தம். எல்லாம் பேக்கேஜில் அடக்கம், யாருக்கும் தனியாகக் காசு கொடுக்காதீர்கள் என்று நீங்கள் எழுதியே தந்திருந்தீர்கள். எனக்கு மனசு கேட்கவில்லை, பின்தங்கி நின்று அக்கா கையில் 500 பாட் வைத்தேன். அவர் நோட்டைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், வீட்டுக்குள் போய் ஒரு தோள்பையை எடுத்துவந்து என் கழுத்தில் மாட்டிவிட்டார். இடுப்புத்தறியில் அவரே நெய்தது. ராத்திரி அடுப்பு வெளிச்சத்தில் அதற்குத்தான் குஞ்சம் கட்டிக்கொண்டிருந்தார். சும்மா வாங்கிக்கொள்ள அவருக்கு மனமில்லை. தனக்கு வர வேண்டியதுதான் அது என்று அவருக்குத் தோன்றவே இல்லை. பேருந்தில் அந்தப் பையை மடியில் வைத்துக்கொண்டு வந்தேன், அவ்வளவு வெட்கமாக இருந்தது.

நவம்பரில் குளிர்காலக் கூட்டம் தொடங்கிவிடும். இந்தியர்களுக்கு விசா வேண்டாம் என்று 2023 நவம்பரில் அவர்கள் திறந்துவிட்டதிலிருந்து நம்மவர்கள் நிறையப் போகிறார்கள், உங்கள் வியாபாரமும் நன்றாக நடக்கட்டும். அதற்குள் தயவுசெய்து இதைச் செய்யுங்கள்: வீட்டுக்காரர் பங்கு வவுச்சரில் இருக்கட்டும், கிளம்புகிற காலையிலேயே அவர் கைக்குப் போகட்டும். பழைய பாக்கி இருந்தால் அதை முதலில் தீர்க்கச் சொல்லுங்கள். அப்புறம், ஒரு வீட்டுக்கு ஒரு டஜன் நல்ல கம்பளி. மார்கழிக் குளிர் அந்த மலையில் எப்படி இருக்கும் என்று என்னைவிட உங்களுக்கே தெரியும்.

தை மாதம் நான் மறுபடியும் அதே வீட்டுக்குப் போகிறேன். அந்த மூன்று குழுக்களின் பணம் வந்ததா என்று அக்காவிடம் முதலில் கேட்பேன். வந்துவிட்டது என்று அவர் சொல்லும்படி செய்யுங்கள் என்று பணிவோடு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
உங்களிடம் பணம் கட்டிப் போய்வந்த ஒரு பயணி