தாயி என்றால் தாய்மாமன்

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் வந்து பத்து நாள் ஆகிறது, பதில் எழுத உட்கார்ந்தால் ஏதாவது ஒரு வேலை வந்துவிடுகிறது. மூட்டு ஆபரேஷனுக்குப் பிறகு கைப்பிடியைப் பிடிக்காமல் மாடிப்படி ஏறுகிறாய் என்று படித்ததும் எனக்கு அவ்வளவு நிம்மதி. அவசரப்படாதே, டாக்டர் சொன்ன பயிற்சியை மட்டும் விடாமல் செய். இங்கே எல்லோரும் நலம். மகளுக்குக் கோயம்புத்தூரில் வேலை கிடைத்துவிட்டது. அம்மாவுக்குக் கண்புரை எடுத்தாயிற்று, இப்போது பேப்பரை முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை கண்ணாடி இல்லாமல் படிக்கிறாள்.

சரி, உன் மகன் கேட்டானே, அதற்கு வருகிறேன். ரொனால்டோவுக்கு முன்னால் கால்பந்தில் சர்வதேச கோல் சாதனை "யாரோ ஒரு ஈரான்காரரிடம்" இருந்ததாமே, சின்னச் சின்ன அணிகளுக்கு எதிராக அடித்ததுதானாமே என்று கேட்டதாக எழுதியிருந்தாய். அந்த "யாரோ ஒரு" என்ற சொல்லைத் தாண்டி என்னால் போகவே முடியவில்லை. அதனால்தான் இந்தக் கடிதம் இவ்வளவு நீளம். அவனையும் பக்கத்தில் உட்கார வைத்துப் படி.

அவர் பெயர் அலி தாயி. நம் பத்திரிகைகள் டேய், டாயி என்றெல்லாம் எழுதின. பாரசீகத்தில் தாயி என்றால் தாய்மாமன், இதை அறிந்த நாளிலிருந்து எனக்கு அந்த மனிதர் இன்னும் நெருக்கமாகிவிட்டார். ஈரானின் வடமேற்கில் அர்தபீல் என்று ஒரு ஊர், பக்கத்திலேயே சபலான் மலை, கடுங்குளிர், வீட்டில் பேசுவது அஜர்பைஜான் துருக்கி மொழி. அங்கே 1969 மார்ச் 21-இல் பிறந்தார், அதாவது அவர்களுடைய வருடப் பிறப்பான நவ்ரோஸ் அன்று. படித்தது தெஹ்ரானில் ஷரீஃப் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் உலோகவியல் பொறியியல். ஷரீஃப் என்றால் நம் ஐஐடி மாதிரி என்று வைத்துக்கொள், நுழைவுத் தேர்வில் நாட்டின் முதல் வரிசைப் பிள்ளைகள்தான் உள்ளே போக முடியும். பகலில் வகுப்பு, மற்ற நேரமெல்லாம் பந்து. முதலில் சொந்த ஊர் அணி, அப்புறம் தெஹ்ரானில் டாக்ஸிரானி என்ற டாக்ஸி நிறுவன அணி, அதற்கப்புறம் தெஜாரத் வங்கியின் அணி. நம்மூரில் வங்கி அணி, ரயில்வே அணி என்று லீக் ஆடுவார்களே, அந்த மாதிரி இடங்களிலிருந்து ஏறி வந்த ஆள். தெஹ்ரானின் சிவப்பு அணியான பெர்செபோலிஸ் அவரை எடுத்தபோது வயது 25.

தேசிய அணிக்காக முதலில் ஆடியதே 24 வயதில்தான், 1993 ஜூன் 6, பாகிஸ்தானுக்கு எதிராக. உன் மகனுக்கு இதை அழுத்திச் சொல். இன்றைக்கு 24 வயதில் ஒரு ஸ்ட்ரைக்கர் பெரிய அணிக்கு வரவில்லை என்றால் முடிந்துபோன ஆள் என்கிறார்கள். இவர் அந்த வயதில் தொடங்கி 37 வரை ஆடினார். 13 வருடத்தில் 109 கோல் என்பதுதான் ரொனால்டோ தாண்டும்வரை உலகம் முழுக்கச் சொன்ன கணக்கு.

எனக்கு அவரைத் தெரிய வந்தது 1996 ஆசியக் கோப்பையில். துபாயில் டிசம்பர் 16, காலிறுதி, எதிரே தென் கொரியா. ஆசியாவில் அன்றைக்குத் தென் கொரியாவை யாரும் லேசாக நினைக்க மாட்டார்கள். இடைவேளையில் ஈரான் 1-2 என்று பின்தங்கி இருந்தது. திரும்பி வந்ததும் ஈரானின் இன்னொரு முன்கள வீரர் அசீசி சமன் செய்தார், அதற்குப் பிறகு கடைசி இருபத்தைந்து நிமிடத்துக்குள் தாயி மட்டும் நான்கு கோல். ஆட்டம் 6-2. அந்தப் போட்டியில் மொத்தம் 8 கோல் போட்டார், ஒரே ஆசியக் கோப்பையில் அதைவிட அதிகம் போட 2019-இல் கத்தாரின் அல்மோஸ் அலி வரவேண்டியிருந்தது. சின்ன அணிகளுக்கு எதிராக அடித்தவர் என்று சொல்பவர்களிடம் இந்த ஒரு ஆட்டத்தைக் காட்டினால் போதும் என்பது என் கருத்து. ஆமாம், லாவோஸுக்கு எதிராகவும் நான்கு போட்டார், மாலத்தீவு, குவாம் எல்லாம் ஈரானிடம் வாரிக் கொடுத்த அணிகள்தான். அட்டவணையில் யார் வருகிறார்களோ அவர்களோடுதானே ஆட முடியும்? ரொனால்டோவின் பட்டியலிலும் லக்சம்பர்க், லித்துவேனியா என்று பக்கம் நிறைய இருக்கிறது, அதற்காக யாரும் அவரைக் குறைத்துப் பேசுவதில்லை, பேசவும் கூடாது.

ஆனால் அவருடைய ஆட்டத்திலேயே எனக்கு மிகவும் பிடித்த கணம் அவர் கோல் போடாத ஒன்று. 1997 நவம்பர். பிரான்ஸ் உலகக் கோப்பைக்குப் போக ஈரான் முதலில் மலேசியாவின் ஜோகூர் பாருவில் ஜப்பானோடு மோதியது. தாயி ஒரு கோல் போட்டு 2-1 என்று முன்னிலை, அப்புறம் ஜப்பான் சமன் செய்து, கூடுதல் நேரத்தின் கடைசியில் கோல்டன் கோலில், அதாவது முதலில் அடித்தவரே வெற்றி என்ற அந்தக் கால விதியில், ஜெயித்துவிட்டது. யாராக இருந்தாலும் அங்கேயே உடைந்திருப்பார்கள். ஆறே நாளில் தெஹ்ரானில் ஆஸ்திரேலியாவோடு ஆடவேண்டும், 1-1. அடுத்த ஏழு நாளில் மெல்போர்ன், 85,000 பேர் கூடிய மைதானம், இரண்டாம் பாதி தொடங்கியதுமே 0-2. ஆஸ்திரேலியாக்காரர்கள் பிரான்ஸுக்கு டிக்கெட் போடத் தொடங்கியிருப்பார்கள். நடுவில் ஒரு ஆள் மைதானத்துக்குள் ஓடி வந்து கோல் வலையையே பிய்த்துவிட்டான், அதைச் சரிசெய்யும்வரை ஆட்டம் நின்றது. கடைசி இருபது நிமிடத்துக்குள் ஈரானின் கரீம் பாகேரி ஒன்று போட்டார். சிறிது நேரத்தில் பந்து தாயியிடம் வந்தது, டிஃபெண்டர்களுக்கு நடுவே ஒரு பாஸ், அசீசி அதைத் துரத்திக்கொண்டு தனியாக உள்ளே போய் கோல்கீப்பரைத் தாண்டி அனுப்பினார். 2-2. இரண்டு ஆட்டமும் சமன் என்பதால், வெளிமண்ணில் அதிக கோல் அடித்த அணி என்ற கணக்கில் ஈரான் 20 வருடத்துக்குப் பிறகு உலகக் கோப்பைக்குப் போனது.

அன்று தெஹ்ரான் தெருக்களில் ஆண்களும் பெண்களும் ஒன்றாக ஆடினார்கள். 1979 புரட்சிக்குப் பிறகு அந்த ஊர் அப்படி ஒரு கொண்டாட்டத்தைப் பார்த்ததில்லை. அணி திரும்பி வந்தபோது ஆசாதி மைதானத்தில் வரவேற்பு, பெண்கள் வீட்டிலிருந்தே டிவியில் பாருங்கள் என்றது அரசு. ஆயிரக்கணக்கான பெண்கள் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனார்கள். மைதானத்துக்குள் பெண்களை விடாத ஒரு நாட்டில் ஒரு பாஸ் அதைச் செய்தது என்று எனக்குள் நான் சொல்லிக்கொள்வேன், பாதி உணர்ச்சிவசம்தான், இருந்தாலும் அப்படித்தான் நினைக்கிறேன்.

அடுத்த ஜூனில் லியோனில் அமெரிக்காவை 2-1 என்று வென்றார்களே, நமக்கு நள்ளிரவு பன்னிரண்டரைக்குத் தொடங்கிய ஆட்டம், ஹாஸ்டலில் டிவி சத்தத்தைக் குறைத்து வைத்துப் பார்த்தோம், நினைவிருக்கிறதா? ஈரான்காரர்கள் கையில் வெள்ளை ரோஜாவோடு வந்து அமெரிக்க வீரர்களிடம் கொடுத்ததும் நீ பேச்சே இல்லாமல் உட்கார்ந்திருந்தாய். அன்றைக்கு எஸ்டிலியும் மஹ்தவிகியாவும் அடித்தார்கள். தாயி உலகக் கோப்பையில் 1998-லும் 2006-லும் சேர்த்து ஐந்து ஆட்டம் ஆடினார், ஒரு கோல்கூட இல்லை. இதை மறைக்க வேண்டியதில்லை. 2006-இல் 37 வயதில் கேப்டனாக மெக்சிகோவுக்கு எதிராக இறங்கியபோது கால் வரவில்லை, ஈரான் பத்திரிகைகளே காய்ச்சி எடுத்தன, அந்த விஷயத்தில் எனக்கும் வருத்தம்தான், அன்று ஒரு இளைஞனை இறக்கியிருக்க வேண்டும். அடுத்த ஆட்டம் போர்ச்சுகலோடு, காயத்தால் தாயி ஆடவில்லை. அந்த ஆட்டத்தில் பெனால்டி போட்டு உலகக் கோப்பையில் தன் முதல் கோலை அடித்த 21 வயதுப் பையன் யார் என்று உன் மகனைக் கேள்.

ஜெர்மனி நாட்களையும் சொல்லிவிடுகிறேன். 1997-இல் பாகேரியோடு சேர்ந்து பீலஃபெல்டுக்குப் போனார், அந்த வருடமே அந்த அணி கீழ்ப்பிரிவுக்கு இறங்கிவிட்டது, ஆனால் அவரை பாயர்ன் மியூனிக் கூப்பிட்டுக்கொண்டது. அங்கே லீக் பட்டம் வென்றார். ஐரோப்பாவின் முன்னணி கிளப் அணிகள் மோதும் சாம்பியன்ஸ் லீகில் ஆடிய முதல் ஆசியர் அவர்தான். 1999 பார்சிலோனா இறுதியாட்டத்தில் மான்செஸ்டர் யுனைடெட் கடைசி இரண்டு நிமிடத்தில் பாயர்னைச் சாய்த்ததே, அன்று முழுக்க தாயி பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். அந்த வீடியோவைப் பார்க்கும்போதெல்லாம் நான் பெஞ்சைத்தான் தேடுவேன். ஆசியாவின் மிகச் சிறந்த ஸ்ட்ரைக்கர் ஜெர்சிக்கு மேல் கோட்டுப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். அங்கேயே இருந்து சம்பளம் வாங்கியிருக்கலாம், ஆட வேண்டும் என்று பெர்லின் ஹெர்தாவுக்குப் போய்விட்டார். அதே வருடம் செப்டம்பரில் சாம்பியன்ஸ் லீகில் செல்சிக்கு எதிராக இரண்டு கோல், ஹெர்தா 2-1 என்று வென்றது. அடுத்த வாரம் மிலானில் போய் மிலானுக்கு எதிராக ஒன்று. அந்த வருடம் ஆசியாவின் சிறந்த வீரர் விருதும் அவருக்குத்தான். ஜெர்மன் லீகில் மொத்தம் 107 ஆட்டம், 19 கோல், பெரிய எண்ணிக்கை இல்லைதான். ஆனால் அவர் திறந்த வழியில் மஹ்தவிகியா, ஹாஷெமியான், கரீமி என்று ஈரான்காரர்கள் வரிசையாக ஜெர்மனியில் ஆடினார்கள்.

ஹங்கேரியின் புஷ்காஷ் வைத்திருந்த 84 கோல் சாதனையை 2003-இல் லெபனானுக்கு எதிராகத் தாண்டினார். 2004 நவம்பரில் லாவோஸ் ஆட்டத்தில் நூறு, ஆண்கள் கால்பந்தில் உலகத்திலேயே முதல் ஆள். 2021-இல் ரொனால்டோ 109-ஐத் தொட்டது புடாபெஸ்டில், புஷ்காஷ் பெயர் வைத்த அதே மைதானத்தில். செப்டம்பரில் அயர்லாந்துக்கு எதிராகக் கடைசி நிமிடங்களில் இரண்டு முறை தலையால் முட்டித் தாண்டினார், அதுவும் தாயி பாணிதான். புடாபெஸ்ட் ஆட்டம் முடிந்ததுமே தாயி மனம் திறந்து வாழ்த்தி எழுதினார், இந்தச் சாதனை ரொனால்டோவுக்குப் போவது தனக்குப் பெருமை என்று.

ஆட்டக்காரராக விடைபெற்றதும் நல்லபடியாக நடந்தது. 2007-இல் சைப்பா என்ற கார் கம்பெனி அணியில் ஆட்டக்காரரும் அவரே, கோச்சும் அவரே, லீக் பட்டத்தை வாங்கிக்கொடுத்துவிட்டு ஓய்வுபெற்றார். தேசிய அணிக்குக் கோச்சாக ஒரு வருடம்தான் இருந்தார், 2009-இல் தெஹ்ரானில் சவூதியிடம் தோற்றதும் எடுத்துவிட்டார்கள். 2012-இல் பெரிய கார் விபத்து, பிழைத்து வந்தார்.

இதற்கெல்லாம் பிறகு நடந்தவைதான் எனக்கு முக்கியம். 2017 நவம்பரில் கெர்மான்ஷா மாகாணத்தில் பூகம்பம், அறுநூறு பேருக்கு மேல் இறந்தார்கள். சர்போலே சஹாப் ஊர் தரைமட்டம். மக்கள் அரசாங்கக் கணக்கில் போடாமல் தாயியிடம் பணத்தைக் கொடுத்தார்கள். அவர் நேரில் போய் வேலையைப் பார்த்தார். பூகம்பத்தில் எல்லாம் இழந்தவர்களுக்காக மக்கள் நம்பிப் பணம் ஒப்படைக்கிற ஆளாக ஒரு கால்பந்துக்காரர் இருந்திருக்கிறார் என்பதை யோசித்துப் பார்.

2022 செப்டம்பரில் மஹ்சா அமினி என்ற 22 வயதுப் பெண் போலீஸ் காவலில் இறந்த பிறகு நாடே தெருவுக்கு வந்ததே, அப்போது தாயி வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். கடை இருக்கிறது, ஓட்டல் இருக்கிறது, பேர் இருக்கிறது. அடிப்பதையும் பிடிப்பதையும் விட்டுவிட்டு மக்களின் பிரச்சினையைத் தீருங்கள் என்று வெளிப்படையாக எழுதினார். வெளிநாட்டிலிருந்து திரும்பியபோது பாஸ்போர்ட்டைப் பிடுங்கினார்கள், சில நாள் கழித்துத்தான் கொடுத்தார்கள். கத்தார் உலகக் கோப்பைக்கு மனைவி மக்களோடு வரச்சொல்லி அழைப்பு வந்தது. பிள்ளைகளை இழந்த குடும்பங்களோடு இந்த நேரத்தில் நாட்டிலேயே இருக்கிறேன் என்று போகவில்லை. டிசம்பரில் தெஹ்ரானில் அவருடைய நகைக்கடைக்கும் உணவகத்துக்கும் சீல் வைத்தார்கள். அதே மாதக் கடைசியில் அவர் மனைவியும் மகளும் துபாய்க்குப் போன விமானத்தைப் பாதி வழியில் கீஷ் தீவில் இறக்கி அவர்களை இறங்கச் சொன்னார்கள். அந்தச் செய்தியைப் படித்த அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை. ஒரு பயங்கரவாதியையா பிடிக்கப் பார்த்தார்கள் என்று அவர் கேட்டதாகப் படித்தேன்.

ரொனால்டோ தாண்டிவிட்டார், மெஸ்ஸியும் தாண்டிவிட்டார், நாளை வேறு யாராவது தாண்டுவார்கள், அது பரவாயில்லை. உன் மகன் பெயரை மட்டும் சரியாகத் தெரிந்துகொள்ளட்டும்.

பொங்கலுக்கு முந்தின வாரம் ஊருக்கு வருகிறேன், உன் வீட்டில் இரண்டு நாள் தங்குவேன். அதற்குள் மெல்போர்ன் ஆட்டத்தின் கடைசி இருபது நிமிடத்தை அவனோடு பார்த்து வை. எல்லோரும் அசீசியைத்தான் பார்ப்பார்கள், நீ கொஞ்சம் பின்னால் தள்ளி நிறுத்தி, பந்து யார் காலிலிருந்து கிளம்புகிறது என்று அவனிடம் காட்டு.

காலைப் பார்த்துக்கொள். அம்மா உன்னைக் கேட்டதாகச் சொல்லச் சொன்னாள்.

அன்புடன்,
உன் பழைய லெஃப்ட் விங்