செயலாளர் ஆண்டறிக்கை: தெல்மா ரிட்டர் திரையிடல் வரிசை

தலைவர் அவர்களுக்கும், பொருளாளர் அவர்களுக்கும், உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

செயற்குழு நான்கு முறை கூடியது. பொங்கல் திரையிடலும் சிறுவர் படவாரமும் நல்லபடி நடந்தன. ஒலிபெருக்கி பழுது பார்க்கப்பட்டது.

இவ்வாண்டின் பெரும்பணி ஹாலிவுட் துணை நடிகை தெல்மா ரிட்டர் படவரிசை. “வேலைக்காரி வேடத்தில் வந்துபோகிறவருக்கு ஆறு மாதமா?” என்று செயற்குழுவிலேயே கேள்வி எழுந்ததால் விளக்கம் சொல்வது என் கடமை.

புரூக்ளினில் 1902இல் பிறந்தவர் ரிட்டர். 1947இல் ‘மிராக்கிள் ஆன் 34த் ஸ்ட்ரீட்’ படத்தில் பேரங்காடியில் அலுத்துப்போன தாயாகச் சில நிமிடம் வந்தபோது வயது 45. பெயர்ப் பட்டியலில் இடமில்லை. 1950 முதல் 1953 வரையிலான படங்களுக்காக நான்கு ஆண்டுகள் தொடர்ந்து ஆஸ்கர் பரிந்துரை, பிறகு 1959, 1962 படங்களுக்கு என மொத்தம் ஆறு. எல்லாமே துணை நடிகைப் பிரிவில்; ஒன்றுகூடக் கைக்கு வரவில்லை. மேடையில் மட்டும் 1958இல் டோனி விருது, அதையும் தன்னோடு அதே நாடகத்தில் நடித்த க்வென் வெர்டனோடு பகிர்ந்துகொண்டார். இந்த ஆறு படங்களையும் வரிசையாகப் பார்த்தால்தான் அவர் கைவரிசை தெரியும்.

‘ஆல் அபௌட் ஈவ்’ படத்தில் ஈவ் சொல்லும் சோகக்கதையில் அறையே உருகி நிற்க, பணிப்பெண் பர்டியாக வரும் ரிட்டர் மட்டும், வேட்டைநாய் துரத்துவது ஒன்றுதான் பாக்கி என்கிறார். குரலில் ஏற்ற இறக்கமே இல்லை. ‘பிக்கப் ஆன் சவுத் ஸ்ட்ரீட்’டில் அவர் ஏற்ற வேடம், டை விற்றுத் துப்பும் விற்கும் மோ. அவள் அநாதைப் பிணமாகப் புதைக்கப்படக் கூடாதென்று கல்லறைக்குக் காசு சேர்க்கிறாள். கொலைகாரன் துப்பாக்கியோடு எதிரே நிற்க, அசந்துபோய்விட்டேன், சுட்டால் உபகாரம் என்கிறாள். கேமரா இசைத்தட்டுப் பக்கம் நகர்கிறது. வெடிச்சத்தம் மட்டும் கேட்கிறது.

இந்தக் காட்சிக்காகத்தான் சப்டைட்டில் வேலை இவ்வளவு நாள் பிடித்தது. கிடைத்த கோப்பு நொடிக்கு 25 பிரேம் கணக்கில் நேரமிடப்பட்டது. நம் பிரதி 24. ஒரு மணி நேரத்தில் ஏறக்குறைய இரண்டரை நிமிடம் வசனம் முந்திக்கொள்ளும். தொடக்கத்தை மட்டும் தள்ளிவைத்தால் நடுவில் மறுபடி விலகும். எல்லா நேரத்தையும் 25/24ஆல் பெருக்க வேண்டும். தமிழ்க் கோப்பை யூடிஎஃப்-8 என்ற எழுத்துக் குறியீட்டு முறையில் சேமிக்காவிட்டால் கட்டம் கட்டமாகத்தான் தெரியும். ரிட்டர் பேசும் வேகத்துக்குத் தமிழ்ச் சொற்கள் நீளம். இரண்டு வரிக்கு மேல் போகாமல் சுருக்கினோம்.

திரை அளவும் முக்கியம். முதல் நான்கு படங்களும் சதுரத்தை ஒட்டிய 1.37 விகிதம். புரொஜெக்டரை அகலத்திரையில் விட்டுவிட்டால் முகம் அகன்றுவிடும், அல்லது தலை வெட்டுப்படும். ஐந்தாவதான ‘பில்லோ டாக்’ மிக அகலமான சினிமாஸ்கோப். அதைத் திரை நிரம்பப் பெரிதாக்கினால் இரு ஓரமும் போய்விடும். துணை நடிகர் பெரும்பாலும் ஓரத்தில்தான் நிற்கிறார். ஆகவே கறுப்புப் பட்டையோடுதான் காட்டினோம். அது குறை என்று சொன்னவர்கள் இதைக் கருத வேண்டுகிறேன்.

முதல் படத்துக்கு அரங்கு நிறைந்தது. ஆறாவதுக்குப் பன்னிரண்டு பேர். அந்த ஆறாவது படமான ‘பர்ட்மேன் ஆஃப் அல்கட்ராஸ்’ இரண்டரை மணி நேரம் ஓடும் என்பது உண்மைதான். ஆனால் அதுவரை நாம் பார்த்த வாய்த்துடுக்கான நர்ஸும் பணிப்பெண்ணும் அதில் இல்லை. சிறையிலிருக்கும் மகன் மணம் செய்துகொண்டதும் அவனைக் கைவிடுகிற தாய் அவர். வராதவர்கள் இழந்தது இதைத்தான். சப்டைட்டில் பணிக்குப் பெயர் கொடுத்த ஐவரில் கடைசிவரை இருந்தவர்கள் இருவர்.

வரவு செலவு பொருளாளர் அறிக்கைப்படி. பற்றாக்குறை சிறிதே, முந்தைய இருப்பிலிருந்து ஈடுகட்டப்பட்டது. சந்தா பாக்கி வைத்திருப்போர் பெயர்களை வாசிக்கவில்லை. அரங்கு உரிமையாளருக்கும், தேநீர் தந்தவர்களுக்கும், அந்த இருவருக்கும் நன்றி.

அடுத்த ஆண்டு இன்னொரு ஹாலிவுட் துணை நடிகையான ஆக்னஸ் மூர்ஹெட் படங்கள் நம் விருப்பம். நான்கு ஆஸ்கர் பரிந்துரை, நான்கு படம். அரங்கு முன்பணத்துக்கு நிலுவைச் சந்தா வந்தாலே போதும். சப்டைட்டிலுக்கு இன்னும் மூன்று பேர் வேண்டும். கூட்டம் முடிந்ததும் வாசலருகே பதிவேடு திறந்திருக்கும்.